மூன்றாம் பாகம் எழுதுகிறவர்

அன்புள்ள ஆசிரியருக்கு,

‘எ நைட்மேர் ஆன் எல்ம் ஸ்ட்ரீட்’ மூன்றாம் பாகத்தையும் (1987) ‘தி ஃப்ளை’ இரண்டாம் பாகத்தையும் (1989) எழுதியவர்களுள் ஒருவரான ஃப்ராங்க் டாராபாண்ட்தான் 1994இல் ‘ஷாஷாங்க் ரிடெம்ப்ஷன்’ என்ற புகழ்பெற்ற படத்தை எடுத்தார் என்று தாங்கள் எழுதியிருந்தீர்கள். அப்படியானால் மலிவான பேய்ப்படத் தொடர்ச்சிகள், திறமையுள்ளவர் ஏறிக் கடக்க வேண்டிய படிகள் மட்டும்தானா? அங்கேயே தங்கிவிட்டவரைத் தோற்றவர் என்றுதான் கொள்ள வேண்டுமா?

ம., திருச்சி

அன்புள்ள ம.,

அப்படிக் கொள்ள வேண்டியதில்லை. டான் மான்சினி லாஸ் ஏஞ்சலஸில் கல்லூரி மாணவராக இருந்தபோது, கொலை செய்யும் பொம்மையைப் பற்றி ஒரு திரைக்கதை எழுதினார். அது பிறர் கைகளில் திருத்தம் பெற்று, 1988இல் ‘சைல்ட்ஸ் பிளே’ என்ற பெயரில் வெளிவந்தது. அதன்பின் வந்த ஆறு தொடர்ச்சிகளையும் அவரே எழுதினார். கடைசி மூன்றை இயக்கவும் செய்தார்.

இத்தொழிலில் எழுத்தாளரின் கைக்கு முதலில் வந்து சேர்பவை நிபந்தனைகள்தாம். கதை அவற்றுக்குள் அடங்கியாக வேண்டும். 1990 நவம்பரில் இரண்டாம் பாகம் திரைக்கு வந்தது. மூன்றாம் பாகமோ ஒன்பதே மாதங்களில் வந்துவிட்டது. தொடரில் தமக்கு மிகக் குறைவாகப் பிடித்த படம் அதுதான் என்று மான்சினியே சொல்லியிருக்கிறார். 2013இல் வந்த ‘கர்ஸ் ஆஃப் சக்கி’ (சக்கி என்பது அந்தப் பொம்மையின் பெயர்) அமெரிக்காவில் திரையரங்குக்குப் போகாமல் நேரே வட்டாக விற்பனைக்கு வந்த சிறு படம். பெரும்பாலும் ஒரே வீட்டுக்குள், விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்களை வைத்து, சக்கர நாற்காலியில் இருக்கும் ஒரு பெண்ணை நாயகியாக்கி மான்சினி கதையை அமைத்தார். அதில் ஓர் இரவு உணவுக் காட்சி உண்டு. பரிமாறக் காத்திருக்கும் கிண்ணங்களில் ஒன்றில் மட்டும் எலி மருந்தைக் கலந்துவிடுகிறது அந்தப் பொம்மை. பிறகு கேமரா மேசைக்கு நேர் மேலே நின்று, எல்லோரும் பேசிக்கொண்டே உண்பதைக் காட்டுகிறது. யாருடைய கிண்ணம் அது என்று நமக்குத் தெரியாது. செலவே இல்லாத இந்த அச்சம் முழுக்க முழுக்க எழுத்தாளரின் சம்பாத்தியம். பணம் கொட்டி எடுத்த பல பேய்ப்படங்களில் இது எனக்குக் கிடைத்ததில்லை.

எல்லோருக்கும் இந்த வாய்ப்பு அமைவதில்லை என்பதும் உண்மையே. ‘ஹெல்ரெய்சர்’ என்ற பேய்ப்படத் தொடரில் 2005இல் வந்த ‘டெடர்’, தொடருக்குச் சம்பந்தமே இல்லாத வேறொரு திரைக்கதையில் அத்தொடரின் பேயைக் கொண்டுபோய்ச் சேர்த்து ஒப்பேற்றியது. 2011இல் வந்த பாகம், தொடரை எடுக்கும் உரிமை கைவிட்டுப் போகாமல் இருப்பதற்காக அவசர அவசரமாக எடுக்கப்பட்டது. அதை எழுதியவர் தொடரின் ஒப்பனைக் கலைஞரான கேரி டனிக்ளிஃப். ஒப்பந்தத்தைக் காப்பாற்றப் பிறந்த படத்துக்கு எழுத்தாளரை மட்டும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது நியாயமாகாது.

மான்சினிக்கும் அவருடைய பொம்மை முழுச் சொந்தமாக இருக்கவில்லை. முதல் படத்தை மறுபடி எடுக்கும் உரிமை எம்ஜிஎம் நிறுவனத்திடம் இருந்ததால், 2019இல் அவரைச் சேர்க்காமலேயே ஒரு புதிய ‘சைல்ட்ஸ் பிளே’ வந்தது. அவரோ தம் பழைய கதையை விட்ட இடத்திலிருந்து தொடர்ந்து, 2021இல் தொலைக்காட்சிக்குக் கொண்டுபோனார். அது மூன்று பருவங்கள் ஓடியது. 2019ஆம் ஆண்டுப் படத்துக்கு இரண்டாம் பாகம் வரவில்லை.