டோட்டோவும் ஸ்பகெட்டியும்

அன்புள்ள ஐயா,

இத்தாலிய நகைச்சுவை நடிகர் டோட்டோவைப் பற்றி நீங்கள் உயர்வாகச் சொல்லியிருந்ததால் அவருடைய இரண்டு படங்களை சப்டைட்டிலோடு பார்த்தேன். முகத்தைக் கோணுகிறார், கழுத்தை ஆட்டுகிறார், நிறையப் பேசுகிறார். எனக்குச் சிரிப்பே வரவில்லை. மொத்தம் 97 படங்களாம், பலவும் அவசரத்தில் எடுத்தவையாம். அவரை எப்படி மகாகலைஞன் என்கிறீர்கள்?

கே., திருச்சி

அன்புள்ள கே.,

அவருடைய பேச்சு நமக்கு முழுசாக எட்டாது, உண்மைதான். நேப்பிள்ஸ் வட்டார மொழியும் படித்தவர்களின் இத்தாலியனும் முட்டிக்கொள்ளும் இடத்தில் பிறக்கிற சிரிப்பு அது. எந்த சப்டைட்டிலும் அதைக் கொண்டுவராது. அதனால் சப்டைட்டிலை அணைத்துவிட்டு, 1954இல் வந்த 'மிசேரியா எ நொபில்தா' படத்தில் சாப்பாட்டுக் காட்சியை மட்டும் பாருங்கள்.

கையில் காசில்லாத இரண்டு குடும்பங்கள் ஒரே வீட்டில் பட்டினி கிடக்கின்றன. திடீரென்று சமையல்காரர்கள் வந்து ஆவி பறக்கும் ஸ்பகெட்டியை மேஜையில் வைத்துவிட்டுப் போகிறார்கள். அப்புறம் கைதான், கரண்டி கிடையாது. டோட்டோ மேஜைமேலேயே ஏறிவிடுகிறார். வாய் நிறைந்த பிறகும் கை நிற்கவில்லை, ஸ்பகெட்டியை அள்ளி அள்ளிக் கோட்டுப் பையில் திணிக்கிறார். பசித்தவன் வாய்க்குத்தான் அள்ளுவான். நாளைக்கும் பசிக்கும் என்று தெரிந்தவனுக்குத்தான் பை ஞாபகம் வரும். அந்தக் கையை எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

அந்தோனியோ டி குர்திஸ் என்ற அவர் 1898இல் நேப்பிள்ஸின் ஏழைகள் பகுதியான சானித்தாவில் பிறந்தார். அம்மாவுக்குக் கல்யாணம் ஆகியிருக்கவில்லை. பிரபு குடும்பத்து அப்பா தன் பெயரைக் கொடுத்தது மிகவும் பிந்தித்தான். 1933இல் வேறொரு வயதான பிரபு அவரைத் தத்தெடுத்துக்கொண்டார். பிறகு டோட்டோ நீதிமன்றம் வரை போய்த் தன் பிரபுப் பட்டங்களை உறுதி செய்துகொண்டார். இதைச் சொல்லிச் சிரிப்பவர்கள் உண்டு. அப்பன் பெயர் இல்லாமல் தெருவில் வளர்ந்த பிள்ளைக்கு அது என்னவாக இருந்திருக்கும் என்று நினைத்தால் என்னால் சிரிக்க முடியவில்லை.

முதல் படம் 1937இல். அதற்குள் வயது நாற்பதை நெருங்கிவிட்டது, மேடையில் தேறி முடித்திருந்தார். அவசரப் படங்கள் நிறைய, ஒப்புக்கொள்கிறேன். கதை சவசவ என்றிருக்கும், இவர் வந்தால் மட்டும் திரை உயிர்பெறும். நல்ல இயக்குநர் கிடைத்தபோது என்ன செய்தார் என்பதற்கு 1951இல் வந்த 'குவார்தியே எ லாத்ரி' போதும். திருடன் டோட்டோவும் குண்டு போலீஸ்காரர் ஆல்தோ ஃபாப்ரீட்சியும் ஓடி ஓடிக் களைத்து, கொஞ்சம் தள்ளித் தள்ளி உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டே பேரம் பேசுவார்கள். கடைசியில் கைது செய்ய மனம் வராத போலீஸ்காரரைத் திருடனே இழுத்துக்கொண்டு போவான்.

1957இல் நாடகப் பயணத்தில் இருந்தபோது, பலேர்மோவில் கண் போனது. கொஞ்சம் பார்வை திரும்பியது, அதுவும் ஓரப்பார்வைதான். மேடையை விட்டார், சினிமாவை விடவில்லை. கறுப்புக் கண்ணாடியோடு செட்டுக்கு வருவார். கேமரா ஓடும்போது அதைக் கழற்றிவிட்டு நடிப்பார். திரையைப் பார்த்து வாயசைவுக்குப் பேச முடியாததால் சில படங்களில் கார்லோ குரோக்கொலோ என்ற நடிகர் அவருக்குக் குரல் கொடுத்தார். நீங்கள் பார்த்த இரண்டும் 1957க்குப் பிந்தியவை என்றால் இன்னொரு முறை பாருங்கள், கண் தெரியாதவர் என்று எந்த இடத்திலாவது படுகிறதா என்று. 1966இல் இயக்குநர் பசோலினி அவரை வைத்து எடுத்த படத்துக்காக கான் திரைப்பட விழாவில் அவருக்குச் சிறப்புக் குறிப்பு கிடைத்தது.

அடுத்த ஆண்டு ஏப்ரல் 15 அன்று ரோமில் இறந்தார். ரோமில் ஓர் இறுதிச் சடங்கு, நேப்பிள்ஸில் பெருங்கூட்டத்தோடு இன்னொன்று. சானித்தாக்காரர்களுக்கு அது போதவில்லை. மே மாதம் தங்கள் பகுதித் தேவாலயத்தில் மூன்றாவதாக ஒன்றை நடத்தினார்கள். உடல் ஏற்கெனவே அடக்கமாகிவிட்டது. வெறும் சவப்பெட்டியை வைத்துக்கொண்டு அழுதார்கள்.