வங்காளிகள் யார்? வேரும் வரலாறும் குறித்த கேள்வி பதில்

வங்காள மக்களின் தோற்றம், மொழி, பண்பாடு ஆகியவை பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே விடை எழுதுகிறேன். வங்காளிகள் என்று நான் குறிப்பிடுவது மேற்கு வங்கத்தாரை மட்டுமன்று; வங்கதேசத்திலும் திரிபுராவிலும் அசாமின் பராக் பள்ளத்தாக்கிலும் வங்காள மொழி பேசி வாழும் அனைவரையும் சேர்த்தே குறிப்பிடுகிறேன்.

கேள்வி (கல்லூரி மாணவி, மதுரை): ஐயா, வங்காளிகள் ஆரியர்களா, திராவிடர்களா? இரு தரப்பாரும் அடித்துச் சொல்கிறார்களே?

ஆரியம், திராவிடம் என்பவை மொழிக்குடும்பங்களின் பெயர்கள் அம்மா. ஒரு மக்கள் கூட்டம் முழுவதையும் அவற்றில் ஒன்றுக்குள் அடைக்க முயலும்போதுதான் இந்த வழக்கு தீராமல் நீள்கிறது. வங்காள மொழி, மாகதிப் பிராகிருதத்தின் வழியில் வந்த இந்தோ ஆரிய மொழி. அசாமியமும் ஒடியாவும் அதன் உடன்பிறப்புகள். இதில் ஐயத்துக்கு இடமில்லை. ஆனால், அந்த மொழி வந்து சேர்வதற்கு முன்பே அந்த மண்ணில் மக்கள் வாழ்ந்தார்கள். சந்தாலி போன்ற முண்டா மொழிகளும், குடுக், மால்தோ ஆகிய திராவிட மொழிகளும், கிழக்கு எல்லையில் திபெத்திய-பர்மிய மொழிகளும் இன்றும் அப்பகுதியில் வழங்குகின்றன.

அந்தப் பழைய மக்களின் தடம் வங்காள மொழியின் உள்ளேயே பதிந்திருக்கிறது. இந்தியில் ஆண்பால், பெண்பால் பார்த்து வினைச்சொல் மாறும்; வங்காளத்தில் அப்படி மாறுவதில்லை. பொருள்களை நான்கு நான்காகக் 'கண்டா' என்றும், இருபது இருபதாகக் 'குடி' என்றும் எண்ணும் நாட்டுப்புற வழக்கம் முண்டா மொழியினரோடு தொடர்புடையது என்பது பல மொழியியலாளரின் கருத்து. மரபணு ஆய்வுகளும், தென்னாசியாவின் பிற பகுதியினரோடு பொதுவான மூலங்கள் நீங்கலாக, கிழக்காசிய மூலம் ஒன்று வங்காளிகளிடம் கலந்திருப்பதையும், கிழக்கே போகப் போக அது கூடுவதையும் காட்டுகின்றன. பௌதாயன தர்மசூத்திரம் புண்டரம், வங்கம் ஆகிய நாடுகளுக்குப் போய் வந்தவர் பரிகாரம் செய்ய வேண்டும் என்று விதிக்கிறது. வைதிகர் நெடுங்காலம் தங்கள் எல்லைக்கு வெளியே வைத்துப் பார்த்த நாடு அது என்பதற்கு இதைவிட நேரடியான சான்று தேவையில்லை.

கேள்வி (ஓய்வுபெற்ற ஆசிரியர், திருநெல்வேலி): அங்கே கிடைத்த மிகப் பழைய எழுத்துச் சான்று எது?

வங்கதேசத்தின் போகுரா மாவட்டத்தில், கரதோயா ஆற்றங்கரையிலுள்ள மகாஸ்தான்கட் என்னும் இடத்தில் 1931இல் கிடைத்த பிராமிக் கல்வெட்டு. மௌரியர் காலத்தது என்று கருதப்படும் இந்த உடைந்த சிறு கல், அரசரின் வெற்றியைப் பாடவில்லை. புண்டரநகரம் என்று அன்று வழங்கிய அவ்வூரின் அதிகாரிக்கு வந்த ஆணை ஒன்று அதில் பொறிக்கப்பட்டிருக்கிறது: இடர்க் காலத்தில் களஞ்சியத்திலிருந்து மக்களுக்கு நெல்லும் காசும் வழங்க வேண்டும், நல்ல காலம் திரும்பியதும் களஞ்சியத்தையும் கருவூலத்தையும் மீண்டும் நிரப்ப வேண்டும். அந்தக் காசுக்குக் கல்வெட்டு தரும் பெயர் 'கண்டகம்'. 1770இலும் 1943இலும் பெரும் பஞ்சங்களில் இலட்சக்கணக்கானோரைப் பறிகொடுத்த நாட்டின் முதல் எழுத்து பஞ்ச நிவாரண ஆணையாக அமைந்திருப்பதை என்னால் எளிதில் கடந்துபோக முடிவதில்லை.

கேள்வி (வாசகர், தஞ்சாவூர்): இராசேந்திர சோழன் வங்காளத்தை வென்றான் என்கிறோம். அன்றைய வங்காளம் என்பது இன்றைய வங்காளம்தானா?

இல்லை. அதற்குச் சான்று நம்முடைய மெய்க்கீர்த்தியிலேயே இருக்கிறது. 1020களில் கங்கை நோக்கிச் சென்ற சோழர் படை வென்ற நாடுகளைத் தண்டபுத்தி, தக்கண லாடம், உத்திர லாடம், வங்காள தேசம் என்று அது தனித்தனியே அடுக்குகிறது. இங்கே லாடம் என்பது, கங்கையின் மேற்குக் கிளையான பாகீரதிக்கு மேற்கேயுள்ள ராட நாடு. வடக்கே ஆண்ட, பாலர் மரபைச் சேர்ந்த மன்னன் மகிபாலன் வேறு. வங்காள தேசத்தை ஆண்ட கோவிந்தசந்திரன் வேறு. இந்த நாடுகள் அனைத்தும் பின்னாளில் ஒரே பெயருக்குள் வந்தவை. அப்போது வங்காளம் என்பது தென்கிழக்குக் கழிமுகப் பகுதியை மட்டுமே சுட்டியது. அதை மெய்க்கீர்த்தி 'தங்காத சாரல் வங்காள தேசம்' என்று வருணிக்கிறது. ஓயாமல் மழை பெய்யும் அந்நாட்டைத் தென்னாட்டுப் படையெடுப்பு ஒன்றின் ஆவணம் இவ்வளவு துல்லியமாகப் பதிந்து வைத்திருப்பது நமக்குப் பெருமையே. ஆனால் அந்தப் படையெடுப்பு நிலையான ஆட்சியாக மாறவில்லை.

தெற்கிலிருந்து சென்று நிலைத்தவர்கள் சேனர்கள். கர்நாடகத்திலிருந்து வந்ததாகத் தங்களையே சொல்லிக்கொண்ட அந்த மரபினர் பாலர்களுக்குப் பின் நாட்டை ஆண்டார்கள். பிரிந்து கிடந்த நிலப்பகுதிகளை ஒரே ஆட்சியின்கீழ்க் கொண்டுவந்தவர் சம்சுத்தீன் இலியாஸ் ஷா. 1352இல் கிழக்கு வங்கத்தின் சோனார்கானையும் சேர்த்துக்கொண்ட அவரை, பாரசீக வரலாற்றாசிரியர்கள் 'ஷாஹே பங்காலா' என்று குறித்தார்கள். வங்காளி என்னும் பொதுப்பெயர் அப்படித்தான் பரவத் தொடங்கியது. அதை மதமோ இனமோ கொடுக்கவில்லை என்பதை இன்று இரு பக்கத்திலும் மறந்துவிடுகிறார்கள்.

கேள்வி (கவிதை வாசகர், கோவை): வங்காளத்தின் முதல் இலக்கியம் எது?

சர்யா பாடல்கள். ஹரப்பிரசாத் சாஸ்திரி 1907இல் நேபாள அரண்மனை நூலகத்தில் அந்த ஓலைச்சுவடியைக் கண்டெடுத்து, 1916இல் அச்சிட்டார். பாலர் காலத்தை ஒட்டி வாழ்ந்த பௌத்த சித்தர்கள் பாடியவை அவை. அசாமியரும் ஒடியரும் மைதிலியரும் அவற்றைத் தங்கள் மொழியின் தொடக்கமாகக் கொள்வதில் நியாயம் உண்டு. அந்த மொழிகள் முழுதாகப் பிரியாத காலத்துப் பாடல்கள் அவை.

உட்பொருள் யோகம் பற்றியது என்றாலும், மேலே தெரிவது ஏழை எளியவர்களின் வாழ்க்கை. மேட்டில் என் வீடு, அக்கம்பக்கத்தார் இல்லை. பானையில் சோறில்லை, விருந்தாளியோ நாள்தோறும் வருகிறான் என்று ஒரு சித்தர் பாடுகிறார். பூசுகு என்னும் மற்றொருவர், சண்டாளப் பெண்ணை மனைவியாக ஏற்றதைச் சொல்லி, இன்று நீ வங்காளி ஆனாய் என்று தம்மையே விளித்துக்கொள்கிறார். அந்தப் பெயர் அன்று தாழ்ந்தோரைச் சுட்டியது என்று இந்த அடியைக் கொண்டு பலர் விளக்குகிறார்கள். எனக்கும் அதுவே பொருத்தமாகப் படுகிறது.

கேள்வி (வாசகர், சென்னை): கிழக்கு வங்கத்தில் இஸ்லாம் வாளால் பரவியது என்கிறார்களே, உண்மையா?

வாள்தான் காரணம் என்றால், முஸ்லிம் அரசுகளின் தலைநகரங்களாக நூற்றாண்டுக் கணக்கில் இருந்த தில்லி, ஆக்ரா வட்டாரங்களில்தான் முஸ்லிம்கள் பெரும்பான்மையாக இருந்திருக்க வேண்டும். அங்கே அவர்கள் சிறுபான்மையினர். எல்லையோரச் சதுப்பு நிலமான கிழக்கு வங்கத்திலோ பெரும்பான்மையினர். 1872 கணக்கெடுப்பில் இந்த உண்மை தெரிந்தபோது ஆங்கிலேய அதிகாரிகளே வியந்தார்கள்.

வரலாற்றாசிரியர் ரிச்சர்ட் ஈட்டன் முன்வைத்த விளக்கமே எனக்கு ஏற்புடையது. 16ஆம் நூற்றாண்டை ஒட்டிக் கங்கையின் முதன்மை நீரோட்டம் பாகீரதியை விட்டுக் கிழக்கே பத்மாவுக்கு மாறியது. வண்டல் படிந்த புதிய நிலங்கள் அங்கே உழவுக்குக் கிடைத்தன. முகலாய அதிகாரிகள், காட்டை அழித்து நெல் விளைவிக்க முன்வந்தவர்களுக்கு வரியில்லா நிலம் வழங்கினார்கள். ஆட்களைத் திரட்டிச் சென்ற தலைவர்களில் பலர் பீர்கள் எனப்படும் சூஃபி ஞானிகளாகவோ, மசூதி ஒன்றைக் கட்டி ஊர் அமைத்தவர்களாகவோ இருந்தார்கள். பிராமணிய சமயம் ஆழமாக வேரூன்றாத அந்த மண்ணின் மக்கள், காட்டைவிட்டு வயலுக்கு வந்தபோது, தலைமுறை தலைமுறையாக, ஏறத்தாழ அவர்களே அறியாதபடி மெல்ல மெல்ல முஸ்லிம்களானார்கள்.

பழைய வழிபாடுகள் உடனே மறையவில்லை. சுந்தரவனத்தில் தேன் எடுக்கப் போகும் இந்துவும் முஸ்லிமும் புலியிடமிருந்து காக்கும்படி இன்றும் வனபீபியை வேண்டிக்கொண்டே காட்டுக்குள் நுழைகிறார்கள். 17ஆம் நூற்றாண்டுக் கவிஞர் அப்துல் ஹக்கீம், வங்கத்தில் பிறந்தும் வங்க மொழியை வெறுப்பவர் எவருக்குப் பிறந்தவரோ, தெரியவில்லை என்று கடுமையாகவே எழுதினார். முஸ்லிம் ஆனதால் வங்காளி அல்லாமல் போய்விட்டோம் என்ற எண்ணம் அவருக்குத் துளியும் இல்லை.

கேள்வி (இல்லத்தரசி, சேலம்): வங்காளப் பிராமணர்கள் மீன் சாப்பிடுவது எப்படி ஏற்கப்பட்டது?

ஆறும் குளமும் நிறைந்த நாட்டில் மீனைத் தடுக்க முடியாது என்பதை சாத்திரம் எழுதியவர்களே ஒப்புக்கொண்டார்கள். பவதேவ பட்டர் என்னும் ஸ்மிருதி அறிஞர், குறிப்பிட்ட சில திதிகள் நீங்கலாக மீன் உண்பது குற்றமன்று என்று வாதிட்டு நிறுவினார். பிராகிருதப் பைங்கலம் என்னும் யாப்பு நூலிலுள்ள ஒரு பழம்பாட்டு, வாழையிலையில் குழைந்த சோறு, பசுநெய், பால், சிறுமீன், சணல்கீரை ஆகியவற்றை மனைவி பரிமாற உண்பவன் புண்ணியவான் என்கிறது.

ஆனால் அந்தப் புண்ணியம் மேல்சாதி விதவைகளுக்குக் கிடைக்கவில்லை. மீனும் வெங்காயமும் பூண்டும் அவர்களுக்கு விலக்கு. இன்று ஊரே புகழும் வங்காளச் சைவச் சமையலின் நுட்பங்களில் பெரும்பகுதி, காய்த்தோலையும் வாழைப்பூவையும் தண்டையும் கொண்டு அந்தப் பெண்கள் தங்கள் தனி அடுப்பில் உருவாக்கியவை.

கேள்வி (ஆய்வு மாணவர், புதுச்சேரி): வங்க மறுமலர்ச்சி மேல்சாதியாரின் மறுமலர்ச்சி மட்டும்தானா?

பெருமளவு அப்படித்தான், தம்பி. 19ஆம் நூற்றாண்டில் கல்வியிலும் சமூகச் சீர்திருத்தத்திலும் எழுந்த அந்த மறுமலர்ச்சியை நடத்திய, 'பத்ரலோகம்' எனப்படும் கல்கத்தாவின் படித்த வர்க்கத்தில் பிராமணர், காயஸ்தர், வைத்தியர் ஆகிய மூன்று சாதியாரே முன்னின்றார்கள். அதனால் 1829இல் உடன்கட்டை தடைசெய்யப்படுவதற்கு ராம்மோகன் ராய் பாடுபட்டதோ, 1856இல் விதவை மறுமணச் சட்டத்துக்கு வித்யாசாகர் போராடியதோ சிறுமை அடையாது. ஆயினும், கிழக்கு வங்கத்தின் ஓடாகாந்தியில் ஹரிசாந்த் தாகூர் தொடங்கி, அவர் மகன் குருசாந்த் தாகூர் கல்வி இயக்கமாக வளர்த்த தீண்டத்தகாதோராக நடத்தப்பட்ட நாமசூத்திரர்களின் மதுவா இயக்கமும், நாட்டுப்புறப் பாடகர் லாலன் பக்கீரின் பாடல்களும், முஸ்லிம் பெண்களுக்காகப் பள்ளி நடத்திய பேகம் ரொக்கேயாவும் இல்லாமல் எழுதப்படும் மறுமலர்ச்சி வரலாறு குறையுடையது.

கேள்வி (வாசகர், யாழ்ப்பாணம்): 1952இல் டாக்காவில் நடந்தது என்ன?

1948 மார்ச்சில் டாக்காவில் பேசிய ஜின்னா, உருது மட்டுமே பாகிஸ்தானின் ஆட்சிமொழியாகும் என்று அறிவித்தார். அப்போது பாகிஸ்தான் மக்களில் பாதிக்கு மேற்பட்டோரின் தாய்மொழி வங்காளம். 1952 பிப்ரவரி 21 அன்று தடையுத்தரவை மீறித் திரண்ட மாணவர்கள்மீது காவல்துறை சுட்டது. பர்கத், ரபீக், ஜப்பார் உள்ளிட்டோர் இறந்தார்கள். 1956இல் வங்காளமும் ஆட்சிமொழியாக அரசமைப்பில் இடம்பெற்றது. அந்த நாளை யுனெஸ்கோ 1999இல் உலகத் தாய்மொழி நாளாக அறிவித்தது. 1961 மே 19 அன்று அசாமின் சில்சாரில் வங்காள மொழிக்காக 11 பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். இந்திய மண்ணில் நடந்த அந்தக் கொலை நம் பாடநூல்களில் இடம்பெற வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

கேள்வி (வாசகர், ஈரோடு): கொல்கத்தா போகிறோம். இந்த வரலாற்றை எங்கே பார்க்கலாம்?

நகரத்தோடு நின்றுவிடாமல் விஷ்ணுபூருக்குப் போய் வாருங்கள். கல் அரிதான நாட்டில் மல்ல மன்னர்கள் செங்கல்லிலும் செம்பூரான் கல்லிலும் கட்டிய கோயில்கள் அங்கே இருக்கின்றன. சுட்ட மண் பலகைகளில் இராமாயணப் போரும் படகுகளும் வேட்டையும் நெருக்கமாகச் செதுக்கப்பட்டிருக்கும். 1655இல் கட்டப்பட்ட ஜோர்பங்களா கோயிலின் கூரையைக் கவனியுங்கள். மழைநீர் வழிந்தோடுவதற்காக மூங்கிலை வளைத்து வேயும் நாட்டுக் குடிசையின் கூரை அது. நேரம் இருந்தால் மால்டா வழியாகப் பாண்டுவாவுக்கும் செல்லுங்கள். அங்கே 15ஆம் நூற்றாண்டு சுல்தான் குடும்பத்தின் ஏக்லாக்கி கல்லறை மாடத்தின் விளிம்பிலும் அதே வளைவைக் காணலாம்.