தேரிக்காட்டு இரவும் நட்சத்திரப் படமும்: வாசகர் கேள்வி பதில்

குதிரைமொழித் தேரி, இடையன்குடி, திசையன்விளைப் பக்கத்துச் செம்மணல் மேடுகளில் (இவற்றைத்தான் தேரி என்கிறோம்) இரவில் நடப்பது பற்றியும் படம் எடுப்பது பற்றியும் வந்த கடிதங்களுக்கு இந்த இதழில் பதில்.

வெளிநாட்டுப் பாலைவனப் பூங்காக்களில் ராத்திரி வழிகாட்டியோடு கூட்டிப்போய் நட்சத்திரப் படம் எடுக்கச் சொல்லிக் கொடுக்கிறார்கள். அப்படிப் படம் எடுக்க லடாக் வரை போகவேண்டுமா, நம்ம தேரியே போதுமா?
*வாசகர், பாளையங்கோட்டை*

இருட்டுதான் வேண்டும் என்றால் லடாக். அமெரிக்காவில் யூட்டா மாநிலத்து நேச்சுரல் பிரிட்ஜஸ் 2007-இல் உலகின் முதல் இருள்வானப் பூங்கா, அதாவது இரவு வானத்தைச் செயற்கை வெளிச்சத்திலிருந்து காக்கும் இடம், ஆனது. இந்தியாவில் லடாக்கின் ஹான்லே 2022-இல் இருள்வானக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. தேரிக்கு அப்படிப் பட்டம் எதுவும் கிடையாது. வடகிழக்கே தூத்துக்குடி வெளிச்சம், கிழக்கே திருச்செந்தூர், தென்மேற்கே காற்றாலைகளின் சிவப்பு விளக்குகள் எல்லாம் படத்தில் விழும்.

ஆனால் தென்வானத்து நட்சத்திரங்கள் ஏறும் உயரத்தில் வெற்றி நம் பக்கம். பால்வீதியின் மையம் ஹான்லேயில் உச்சிக்கு வரும்போதே தொடுவானத்திலிருந்து 28 பாகை (டிகிரி) உயரம்தான். இங்கே 52 பாகை, புழுதிக்கும் ஊர் வெளிச்சத்துக்கும் நன்றாக மேலே. தென்சிலுவை ஹான்லேயில் கண்ணுக்கு எட்டாது. இங்கே தெற்கே 21 பாகை உயரத்தில் நிமிர்ந்து நிற்கும். தெற்கும் தென்கிழக்கும் கடல் என்பதால் அந்தத் திசையில் இருட்டுக்கும் குறைவில்லை, மீன்பிடிப் படகு விளக்குகளைத் தவிர. ஒன்றை மட்டும் மனதில் வையுங்கள். நீங்கள் பார்க்கும் பாடக் காணொளிகளில் பெரும்பாலானவை 35, 40 பாகை வட அட்சரேகையில் இருந்துகொண்டு எடுத்தவை. நாம் இருப்பது எட்டரைப் பாகையில். அவர்கள் சொல்லும் பல கணக்கு இங்கே பிசகும்.

எந்த மாதம் போகலாம்?
*வாசகி, நாசரேத்*

ஜனவரி கடைசியிலிருந்து மே வரை. ஜூன் தொடங்கிவிட்டால் தென்மேற்குக் காற்று செப்டம்பர் வரை விடாது. மணல் முழங்கால் உயரத்துக்குப் பறக்கும், முக்காலி நடுங்கும். அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழை மேகம்.

பால்வீதியின் மையம் பிப்ரவரி நடுவில் அதிகாலை 2.45 வாக்கில் தென்கிழக்கே எழும். மார்ச் நடுவில் ஒரு மணி, ஏப்ரல் நடுவில் இரவு 10.50, மே நடுவில் 9 மணிக்குச் சற்று முன். மே நடுவில் இரவு 9.15-க்கெல்லாம் தென்சிலுவை நேர் தெற்கே நிற்கும். இரண்டையும் ஒரே இரவில் எடுக்க நினைப்பவர்களுக்கு அதுதான் மாதம். அமாவாசைக்கு முன்னும் பின்னும் மும்மூன்று நாள் நல்லது. நம் பக்கம் சூரியன் ஏறக்குறையச் செங்குத்தாக இறங்குவதால் மறைந்து 70, 75 நிமிடத்தில் முழு இருட்டாகிவிடும். காணொளிகளில் சொல்வதுபோல இரண்டு மணி நேரம் காத்திருக்கத் தேவையில்லை.

நாங்கள் ஐந்து பேர், தேரிக்குள் இரவில் நடக்க ஆசை. வழிகாட்டி அவசியமா? பாம்பு பயம் உண்டா?
*வாசகர், திருநெல்வேலி டவுன்*

முதலில் அனுமதி. குதிரைமொழித் தேரியின் பெரும்பகுதி காப்புக்காடு. வனச்சரக அலுவலகத்தில் எழுத்து மூலம் அனுமதி வாங்காமல் இரவில் உள்ளே போகக்கூடாது. காட்டுக்கு வெளியே உள்ள பனை, கொல்லாமரத் தோப்புகள் பட்டா நிலம், உரிமையாளரிடம் கேளுங்கள். பக்கத்துக் காவல் நிலையத்திலும் ஒரு வார்த்தை சொல்லிவையுங்கள். தேரிக்குள் ராத்திரி வெளிச்சம் அசைந்தால் மணல் அள்ள வந்தவர்கள் என்றுதான் ஊர் நினைக்கும். அதில் தப்பு சொல்ல முடியாது.

வழிகாட்டி அவசியம். மேடும் பள்ளமும் ஒன்றுபோலவே இருக்கும். காலடித் தடத்தைப் பிடித்துத் திரும்பலாம் என்றால் ஒரு மணி நேரக் காற்று அதை மூடிவிடும். பனையேறுகிறவர்களும் ஆடு மேய்க்கிறவர்களும் தேரியை அறிந்தவர்கள். கூலியை முன்னாலேயே பேசிக்கொள்ளுங்கள். மாலை நாலரைக்கே போய், இரவில் நடக்கப்போகும் பாதையை வெளிச்சத்திலேயே ஒருமுறை நடந்து, போனில் ஜிபிஎஸ் தடமாகப் பதிந்துவையுங்கள். அருஞ்சுனை காத்த அய்யனார் கோவில், கற்குவேல் அய்யனார் கோவில் பக்கம் என்றால் கோவில் எந்தத் திசை என்பதை எல்லோரும் தெரிந்திருக்க வேண்டும்.

மணலில் மணிக்கு 2 கிலோமீட்டருக்கு மேல் கணக்குப் போடாதீர்கள். திறந்த மேடுகளில் மேற்குச் சரிவு காற்றடித்து இறுகியிருக்கும், ஏறலாம். கிழக்குச் சரிவு பொலபொலவென்று சரியும். மேட்டின் முதுகோடு நடப்பதே காலுக்குச் சுகம். வழிகாட்டி முன்னே, பழக்கப்பட்ட ஒருவர் கடைசியில். ஆளுக்கு ஒன்றரை லிட்டர் தண்ணீர். தலைவிளக்கில் சிவப்பு செல்லோபேன் தாளை இரண்டு மடிப்பாக ஒட்டுங்கள். கண் இருட்டுக்குப் பழக 20, 30 நிமிடம் ஆகும், ஒரு வெள்ளை விளக்கு அதை ஒரு நொடியில் கெடுத்துவிடும். ஆனால் புதர் ஓரத்திலும் கொல்லாமரச் சருகின் மேலும் கால் வைக்கும்போது வெள்ளை விளக்கையே போடுங்கள். சிவப்பு வெளிச்சத்தில் மணலும் பாம்பும் ஒரே நிறமாகத்தான் தெரியும். இந்த இடத்தில் படத்தைவிடக் கால் முக்கியம்.

பாம்பு உண்டு. சுருட்டைவிரியன் மணலில் பாதி புதைந்து கிடக்கும், மிரண்டால் செதிலை உரசிச் சரசரவென்று சத்தம் போடும். கட்டுவிரியன் கடித்தால் பல நேரம் வலியே தெரியாது. கணுக்காலை மூடும் தடித்த பூட்ஸ் கட்டாயம். உடைமுள் ரப்பர் செருப்பைத் துளைத்துக்கொண்டு பாதத்தில் ஏறும், அதற்கும் பூட்ஸ்தான் மருந்து. கம்பால் முன்னே தட்டிக்கொண்டு நடங்கள், பையைத் திறந்து தரையில் போடாதீர்கள். கடித்துவிட்டால் கயிறு கட்டுவது, கீறுவது, உறிஞ்சுவது எதுவும் வேண்டாம். கடிபட்டவரை நடக்கவிடாமல், கடிபட்ட காலையோ கையையோ அசையாமல் வைத்துத் தூக்கி வாருங்கள்; 108-ஐ அழையுங்கள். விஷமுறிவு மருந்து உள்ள பக்கத்து அரசு மருத்துவமனை எது என்பதைப் புறப்படும் முன்பே விசாரித்துவைப்பது நல்லது.

துருவ நட்சத்திரத்தைச் சுற்றி வட்டவட்டமாகக் கோடு வரும் படம் எடுக்கப் போனேன். அந்த நட்சத்திரத்தையே காணோம். எங்கே தவறு?
*வாசகர், சாத்தான்குளம்*

அண்ணாந்து பார்த்திருப்பீர்கள். ஓர் ஊரின் அட்சரேகை எவ்வளவோ அவ்வளவுதான் அங்கே துருவ நட்சத்திரத்தின் உயரம். உங்கள் ஊரில் எட்டரைப் பாகை. கையை நீட்டி முஷ்டி பிடித்தால் அதன் அகலம் 10 பாகை. அதற்கும் கீழே இருக்கிறது. அது அப்படியொன்றும் பிரகாசமான நட்சத்திரமும் அல்ல. தொடுவானத்தை ஒட்டிய தடித்த காற்றைக் கடந்து வரும்போது இன்னும் மங்கி, ஏரல், ஸ்ரீவைகுண்டம் பக்கத்து வெளிச்சத்தில் கரைந்துபோகும். ஏப்ரல் மாலையில் சப்தரிஷி மண்டலத்தின் முன் இரண்டு நட்சத்திரங்களைச் சேர்த்துக் கீழே நீட்டிப் பாருங்கள், இடம் பிடிபடும்.

இந்தத் தாழ்வையே சாதகமாக்கலாம். 15 மீட்டர் உயரப் பனை, கேமரா முக்காலியில் ஒன்றரை மீட்டர் உயரத்தில். பனைக்கு நேர் தெற்கே, சம தரையில் 90 மீட்டர் தள்ளி நின்றால் துருவ நட்சத்திரம் பனையின் கொண்டையில் உட்காரும். எல்லாக் கோடுகளும் அந்த ஒற்றைப் பனையைச் சுற்றும். லடாக்கில் இந்தப் படத்துக்கு மலை வேண்டும், நமக்குப் பனை போதும். வட்டத்தின் அடிப்பகுதி மட்டும் தொடுவானத்தில் வெட்டுப்படும்.

24 மி.மீ. லென்ஸ், எஃப் 4 (லென்ஸ் துளையின் அளவு), ஐஎஸ்ஓ 800 (ஒளி உணர்திறன்), படத்துக்கு 30 நொடி, படங்களுக்கு நடுவே ஒரு நொடி இடைவெளி. நட்சத்திரம் மணிக்கு 15 பாகை நகரும். இரண்டு மணி நேரத்தில் ஏறக்குறைய 230 படமும் 30 பாகை வளைவும் கிடைக்கும். அதற்குக் குறைந்தால் வட்டம்போலத் தோன்றாது. கேமராவில் நீள்பதிவு இரைச்சல் குறைப்பு (Long Exposure Noise Reduction) என்று ஒன்று இருக்கும், அதை அணைத்துவிடுங்கள். இல்லையென்றால் ஒவ்வொரு படத்துக்குப் பின்னும் அதே நேரம் கேமரா இருட்டில் சும்மா கிடக்கும், கோடு புள்ளிப்புள்ளியாக அறுந்து வரும். வீட்டுக்கு வந்ததும் ஸ்டார்ஸ்டாக்ஸ் என்ற இலவச மென்பொருளில் சேர்க்கலாம்.

கேமராவைக் கிழக்கே திருப்பினால் கோடுகள் ஏறக்குறைய நேராக மேலே போகும். தெற்கே திருப்பினால், தொடுவானத்துக்குக் கீழே ஒளிந்திருக்கும் தென்துருவத்தைச் சுற்றித் தோரணம்போல வளையும். இவை கெட்டுப்போன படங்கள் என்று அழித்துவிடாதீர்கள்.

18–55 லென்ஸில் 25 நொடி வைத்தேன். நட்சத்திரம் எல்லாம் அரிசிபோல நீண்டுவிட்டது. முக்காலியும் சாய்ந்தது.
*வாசகி, வள்ளியூர்*

நொடிக் கணக்கு அதிகம். நட்சத்திரம் நீளாமல் எத்தனை நொடி வைக்கலாம் என்று காண, 500-ஐ லென்ஸின் குவியத் தூரத்தால் (மி.மீ.) வகுக்கும் விதி ஃபிலிம் காலத்தது. இன்றைய 24 மெகாபிக்சலுக்கு 300 என்று வைத்துக்கொள்ளுங்கள். உங்கள் கேமராவின் சென்சார் சிறியது என்றால் 18-ஐ ஒன்றரையால் பெருக்கி 27. 300-ஐ 27-ஆல் வகுத்தால் 11 நொடி. எஃப் 3.5, ஐஎஸ்ஓ 3200. படம் இருண்டு, பொரிப்பொரியாக இருக்கும், கவலை வேண்டாம். அப்படியே 16 படம் எடுத்து சீக்வேட்டர் என்ற மென்பொருளில் அடுக்கினால் அந்தப் பொரி, அதாவது இரைச்சல், கால்வாசியாகக் குறையும். துருவத்தின் பக்கம் உள்ளவை மெல்ல நகரும் என்பதால் வடக்கே எடுக்கும்போது சில நொடி கூட்டலாம். தலைக்கு மேலே எடுக்கும்போது கூட்டவே கூடாது.

குவியத்தைக் கையால் வையுங்கள். லென்ஸில் முடிவிலிக் குறி இருந்தாலும் அதை நம்பாமல், அகத்தியர் என்று நாம் சொல்லும் கனோபஸையோ சிரியஸையோ திரையில் 10 மடங்கு பெரிதாக்கி, மிகச் சிறிய புள்ளியாகும் இடத்தில் நிறுத்தி, வளையத்தில் டேப் ஒட்டுங்கள்.

முக்காலிக்கு மூன்று சிரட்டை போதும். குழிவு மேலே பார்க்க இரண்டு அங்குலம் புதைத்து, சுற்றிக் கொஞ்சம் தண்ணீர் ஊற்றி மிதியுங்கள். கால் அந்தக் குழிவுக்குள் நிற்கட்டும். முக்காலிக் காலின் அடிக்கண்ணியை ஒரு சாண் நீட்டியே வையுங்கள், பூட்டும் இடம் மணலுக்கு மேலே இருக்கும். மணல் புகுந்தால் அந்தப் பூட்டு அதோடு சரி. எடைக்காகப் பையைத் தொங்கவிட்டால் அது தரையைத் தொடவேண்டும், இல்லாவிட்டால் காற்றில் ஆடி முக்காலியையும் ஆட்டும்.

செம்மண்ணைக் காட்டத்தானே அங்கே போகிறோம். படத்தில் கறுப்பாக வருகிறதே?
*வாசகர், உடன்குடி*

மணலின் சிவப்பு, குவார்ட்ஸ் துகள் மேல் படிந்த இரும்பு ஆக்சைடு. அரையிருட்டில் நம் கண்ணுக்கு முதலில் அணைவதும் சிவப்புதான். கேமராவுக்கு அந்தக் குறை இல்லை, வெளிச்சம் மட்டும் தரவேண்டும். அதற்கு அமாவாசை கழிந்து ஐந்தாம் நாள் சரியாக இருக்கும். அந்தப் பிறை இரவு பத்தரை வாக்கில் மறையும். அதற்கு ஒரு மணி நேரம் முன்னால், பிறை உங்கள் பக்கவாட்டில் இருக்கும்படி நின்று மணலை எடுங்கள். அலைஅலையான வரிகள் நிழலோடு எழும்பி நிற்கும். முக்காலியை அசைக்காமல் காத்திருங்கள். ஏப்ரல் என்றால் பிறை மறைந்த கொஞ்ச நேரத்தில் பால்வீதி எழ ஆரம்பித்துவிடும். அது ஒரு முஷ்டி, இரண்டு முஷ்டி ஏறியதும் வானத்தை எடுத்து இரண்டையும் சேர்த்துக்கொள்ளலாம். கேமராவில் வண்ண வெப்பநிலையை (வொயிட் பேலன்ஸ்) 4000 கெல்வினில் வையுங்கள். டார்ச் அடித்து வெளிச்சம் காட்டுவது எங்களுக்கு உவப்பில்லை. மணல் சமையலறைத் தரைபோல ஆகிவிடும்.

போனில் முடியுமா?
*வாசகர், ஏரல்*

முடியும். புரோ முறையில் ஐஎஸ்ஓ 1600, 15 நொடி, குவியம் முடிவிலி, ரா (கேமரா பதிந்த மூல) கோப்பு, 3 நொடி டைமர், சின்ன முக்காலி. அகலக்கோண லென்ஸைவிட முதன்மை லென்ஸே நல்லது. பிக்சல் போன் என்றால் இரவுப் பட முறையிலேயே வானப் பட வசதி இருக்கும், அசையாமல் நிறுத்தினால் நான்கு நிமிடம் வரை எடுத்துச் சேர்த்துக்கொள்ளும்.

நட்சத்திரத்தைப் பின்தொடரும் சுழல்கருவி வாங்கினேன். இங்கே துருவத்துக்கு நேராக வைக்கவே முடியவில்லை.
*வாசகர், திசையன்விளை*

கருவியைத் தாங்கும் சில அடித்தட்டுகள் எட்டரைப் பாகைக்கு இறங்காது, வாங்கும் முன் பார்க்கவேண்டியது அதைத்தான். இறங்கினாலும் துருவ நோக்கியில் (கருவியில் உள்ள சின்னத் தொலைநோக்கி) பார்க்க மணலில் படுக்கவேண்டும், படுத்தாலும் மூட்டத்தில் நட்சத்திரம் தெரியாது. போனின் சாய்வுமானியால் எட்டரைப் பாகை வைத்து, திசைகாட்டியால் வடக்கே திருப்புங்கள். நம் பக்கம் முள்ளுக்கும் உண்மை வடக்குக்கும் வேறுபாடு 2 பாகைக்குள்தான். 24 மி.மீ. லென்ஸில் ஒரு நிமிடப் பதிவுக்கு அந்தப் பிசகு தெரியாது. 135 மி.மீ. போட்டால் தெரியும்.

தேரிக்குப் போய்வந்த பிறகு லென்ஸ் வளையம் நறநறக்கிறது.
*வாசகி, தூத்துக்குடி*

திருகுவதை நிறுத்துங்கள். லென்ஸைக் கவிழ்த்துப் பிடித்து ரப்பர் ஊதியால் ஊதுங்கள், பிறகு மென்மையான தூரிகை. துணி கடைசியில்தான், ஏனென்றால் குவார்ட்ஸ் கண்ணாடியைக் கீறும். அப்படியும் நறநறத்தால் பழுதுபார்ப்பவரிடம் கொடுத்துவிடுங்கள். இனிமேல் லென்ஸை மாட்டுவதெல்லாம் வீட்டிலேயே முடியட்டும். உவரி, மணப்பாடு போலக் கடலை ஒட்டிய இடத்தில் எடுத்திருந்தால் உப்பும் ஒட்டியிருக்கும். கேமராவின் வெளிப்புறத்தை ஈரத்துணியால் துடைத்து உலரவிடுங்கள். ஜனவரி, பிப்ரவரியில் நள்ளிரவுக்குப் பின் லென்ஸில் பனி பூக்கும். அதற்கு யூஎஸ்பி சூட்டுப்பட்டை கிடைக்கிறது, பவர்பேங்கில் ஓடும்.

நடக்கும்போது மணலில் கூரான சின்னச் சின்னக் கல்சில்லுகள் கிடந்தன. எடுத்து வரலாமா?
*வாசகர், மெஞ்ஞானபுரம்*

வேண்டாம். தேரிகளில் கிடைக்கும் நுண்கற்கருவிகள், அதாவது கற்கால மனிதர் செய்த சின்னக் கல் கருவிகள், தொல்லியலில் பேர்பெற்றவை. தொல்லியலாளர்கள் சாய்னரும் பிரிட்ஜெட் ஆல்சினும் 1956-இல் அவற்றை விரிவாக ஆராய்ந்து எழுதியிருக்கிறார்கள். கிடந்த இடத்தில் கிடந்தால்தான் அவற்றால் பயன். பக்கத்தில் ஒரு ரூபாய்க் காசை வைத்து, போனில் இடக்குறியோடு படம் எடுத்துத் தொல்லியல் துறைக்கு அனுப்புங்கள். ஃபிளாஷ் வேண்டாம், சில்லின் விளிம்பு தெரியாமல் போகும். டார்ச்சைத் தரையோடு தரையாகப் பக்கவாட்டில் பிடியுங்கள்.