பழைய அணு உலைகளுக்கு வயதானால்: கேள்வி பதில்

என் துறை உலோகம், வெல்டிங், பரிசோதனை. உலைக்கலன் (எரிபொருள் இருக்கும் பெரிய எஃகுப் பாத்திரம்), குழாய், கான்கிரீட், கேபிள் இவையெல்லாம் எப்படி வயதாகின்றன, அதை எப்படிக் கண்காணிக்கிறார்கள் என்று கேளுங்கள். மின் கட்டணத்துக்கும் கட்சி அரசியலுக்கும் நான் ஆள் இல்லை.

தெற்குக்காற்று: 40 வருடத்துக்குக் கட்டிய உலையை 60, 80 வருடம் ஓட்டுவது காலாவதியான மருந்தைக் கொடுப்பது போல இல்லையா சார்?

பதில்: அந்த 40 எங்கிருந்து வந்தது என்று பார்ப்போம். அமெரிக்காவின் 1954ஆம் ஆண்டு அணுசக்திச் சட்டம் உரிமத்துக்கு 40 ஆண்டு உச்சவரம்பு வைத்தது. முதலீடு திரும்பும் காலம், ஏகபோகம் வந்துவிடக் கூடாது என்ற கவலை, இவைதான் பின்னணி. எந்த எஃகையும் சோதித்துப் பார்த்து வைத்த எண் இல்லை அது. ஆனால் சட்டத்தில் 40 இருந்ததால் வடிவமைப்பாளர்களும் கணக்கை 40க்கே போட்டார்கள். உலை எத்தனை முறை சூடாகிக் குளிரலாம், கலனின் சுவரில் எவ்வளவு நியூட்ரான் படலாம் என்றெல்லாம். நீட்டிப்பு கேட்பவர் அந்தக் கணக்குகளை மறுபடி போட்டுக் காட்டியாக வேண்டும். புளோரிடாவின் டர்க்கி பாயின்ட் 2019 டிசம்பரில் முதன்முதலாக 80 ஆண்டுக்கான அனுமதியை வாங்கியது இந்த வழியில்தான். பிரான்சில் 10 ஆண்டுக்கு ஒருமுறை முழு மறுஆய்வு. சுவிட்சர்லாந்தில் ஆண்டு வரம்பே கிடையாது. அங்கே பெஸ்னாவின் முதல் உலை 1969இல் ஓடத் தொடங்கியது.

வயதைக் கேட்காதீர்கள். எதை எதைப் பார்க்கிறார்கள் என்ற பட்டியலைக் கேளுங்கள். இதை இன்னும் பல தடவை சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

மூன்றாமாண்டு மெக்கானிக்கல்: மாற்றவே முடியாத பாகம் எது ஐயா?

பதில்: நல்ல கேள்வி தம்பி. அழுத்த நீர் உலையில் (நீர் கொதித்துவிடாமல் அழுத்தத்தில் வைத்து ஓட்டும் வகை) இரண்டு: உலைக்கலன், அதைச் சுற்றியுள்ள கான்கிரீட் கட்டடம். நீராவி உற்பத்திக் கலன், பம்பு, டர்பைன், கலனின் மூடி எல்லாவற்றையும் மாற்றியிருக்கிறார்கள்.

கலனின் கதை இது. எஃகு ஒரு குறிப்பிட்ட வெப்பநிலைக்கு மேலே வளைந்து கொடுக்கும். அதற்குக் கீழே சட்டென்று உடையும். நியூட்ரான் பட்டுக்கொண்டே இருந்தால் இந்த எல்லை மேலே ஏறும். செம்பு, பாஸ்பரஸ், நிக்கல் அதிகம் இருந்தால் இன்னும் வேகமாக ஏறும். பழைய கலன்கள் சிலவற்றில் வெல்டிங் கம்பிக்குச் செம்பு முலாம் பூசியிருந்தார்கள், அந்தச் செம்பு வெல்டுக்குள் போய்விட்டது. உலை சூடாக ஓடும்போது இதனால் ஆபத்து இல்லை. விபத்தின்போது உள்ளே அழுத்தம் குறையாமல் இருக்கும் நிலையில், அவசரக் குளிர்நீர் சூடான சுவரில் போய் அடித்தால்தான் ஆபத்து.

அதனால் அதே எஃகில் செய்த சிறு துண்டுகளைக் கூட்டில் அடைத்து, சுவரைவிட எரிபொருளுக்குக் கிட்டத்தில் வைத்துவிடுவார்கள். சுவருக்கு முன்பே அவற்றுக்கு வயதாகிவிடும். சில ஆண்டுக்கு ஒருமுறை ஒரு கூட்டை எடுத்துச் சுத்தியலால் அடித்து உடைத்துப் பார்க்கும் சோதனை செய்தால் சுவரின் எதிர்காலம் தெரிந்துவிடும். பரிசோதனைத் துறையிலேயே எனக்கு மிகவும் பிடித்த ஏற்பாடு இது.

எல்லை ஏறிவிட்டால்? எரிந்து தீரப்போகும் எரிபொருளை ஓரத்தில் வைத்துச் சுவருக்குப் போகும் நியூட்ரானைக் குறைக்கலாம். அவசர நீரையே முன்கூட்டிச் சூடாக்கி வைத்த நிலையங்களும் உண்டு. பின்லாந்தின் லோவீசா முதல் உலையில் 1996இல் வெல்டு இருக்கும் வளையத்தைச் சூடேற்றிப் பதப்படுத்தி, இழந்த தன்மையில் பெரும்பகுதியை மீட்டார்கள்.

பொதுஜனம்: 40 வருடம் முடிந்த உலைகளை ஏன் மூடவில்லை?

பதில்: முதல் பதில்.

அலைகடல்: புகுஷிமா பழையதாக இருந்ததால்தானே வெடித்தது?

பதில்: முதல் உலை 1971 மார்ச்சில் வணிக உற்பத்திக்கு வந்தது, 2011 பிப்ரவரியில்தான் 10 ஆண்டு நீட்டிப்புக் கிடைத்தது. அடுத்த மாதம் விபத்து. அதனால் இந்தச் சந்தேகம் வருவது நியாயமே. ஆனால் துருப்பிடித்த குழாயோ சோர்ந்த எஃகோ அதைக் கவிழ்க்கவில்லை. நிலநடுக்கத்தில் வெளி மின்சாரம் போனது, சுனாமி டீசல் ஜெனரேட்டர்களையும் மின்பலகைகளையும் மூழ்கடித்தது. அங்கே காலாவதியானது சுனாமிக் கணக்கு. முதலில் வைத்த உயரம் 3.1 மீட்டர், பிறகு 5.7 ஆக உயர்த்தினார்கள், வந்ததோ 14 மீட்டர் அளவில். காலமுறை மறுஆய்வில் இரும்போடு இந்த மாதிரி அனுமானங்களையும் திரும்பப் பார்க்க வேண்டும்.

வெல்டுமுருகன்: நான் 20 வருடமாக அல்ட்ராசோனிக் (ஒலி அலையால் விரிசல் தேடும் சோதனை) பார்க்கிறவன். இப்போதைய கருவிகளுக்கு எந்த விரிசலும் தப்பாது. நீங்கள் தேவையில்லாமல் பயமுறுத்துகிறீர்கள் அண்ணா.

பதில்: கருவி நன்றாகத்தான் இருக்கிறது. அதை வைக்காத இடத்தில் அது என்ன செய்யும்? ஜப்பானின் மிஹாமா மூன்றாம் உலை, 2004 ஆகஸ்ட் 9. டர்பைன் பக்கத்துக் குழாய், கதிரியக்கமே இல்லாத நீர். ஓட்டம் அளக்கும் தகட்டுக்கு அடுத்த இடத்தில் நீர் சுழன்று சுழன்று சுவரைத் தின்றுவிட்டது. 10 மில்லிமீட்டர் சுவர் 1.5க்கும் கீழே போய் வெடித்தது. 5 பேர் இறந்தார்கள். 1976இல் உலை தொடங்கிய நாளிலிருந்து அந்த இடத்தில் யாருமே தடிமன் அளக்கவில்லை, ஏனென்றால் அது பட்டியலிலேயே இல்லை. இத்தனைக்கும் அமெரிக்காவின் சர்ரியில் 1986இலேயே இதே மாதிரிக் குழாய் அரிப்பில் 4 பேர் இறந்திருந்தார்கள்.

வெல்டுமுருகன்: அது நிர்வாகக் கோளாறு. தொழில்நுட்பத்தை ஏன் குறை சொல்கிறீர்கள்?

பதில்: முதுமை மேலாண்மை என்பதே நிர்வாகம்தான் தம்பி. எந்த இடம், எந்த விதமான சேதம், எத்தனை ஆண்டுக்கு ஒருமுறை, யார் பொறுப்பு. கருவி அதற்கு அப்புறம்.

கொதிகலன்: நான் முருகன் பக்கம். ஒழுங்காகப் பட்டியல் போட்டு அளந்தால் போதும்தானே?

பதில்: பட்டியலில் இருந்தும் கோட்டை விட்ட கதை வேண்டுமா? ஓஹியோவின் டேவிஸ் பெஸ்ஸி, 2002. கலனின் மூடியில் விரிசல் விட்ட குழாய் வழியே, உலை நீரில் கலந்திருக்கும் போரிக் அமிலம் கசிந்து, மூடியின் எஃகைக் குடைந்து பெரிய குழியாக்கிவிட்டது. மிச்சம் இருந்தது உள்பக்கத்துத் துருப்பிடிக்காத எஃகுப் பூச்சு மட்டும், ஒரு சென்டிமீட்டர்கூட இல்லை. அமிலப் படிவு பல வருடமாகக் கண்ணுக்கே தெரிந்தது. துரு கலந்து சிவந்திருந்தது. அல்ட்ராசோனிக் தேவையே இல்லை, துடைத்துவிட்டுப் பார்த்திருந்தால் போதும்.

வெல்டுமுருகன்: சரி, அதுவும் அலட்சியம். கவனமாகப் பார்க்கிற ஊரில் நடக்காது.

பதில்: பிரான்ஸ் கவனமாகப் பார்க்கிற ஊர்தானே? 2021இல் சிவோ முதல் உலையில் வெப்பச் சோர்வை (சூடாகிக் குளிர்ந்து வரும் சேதத்தை) தேடித்தான் அல்ட்ராசோனிக் வைத்தார்கள். ஏதோ சமிக்ஞை வந்தது. குழாயை வெட்டி ஆய்வகத்தில் பார்த்தபோது தெரிந்தது தகைவு அரிப்பு விரிசல், அதாவது உலோகத்தில் இருக்கும் இழுவிசையும் அரிப்பும் சேர்ந்து உண்டாக்கும் விரிசல். அந்தக் குழாயில் அது வரும் என்று யாரும் எதிர்பார்த்திருக்கவில்லை. அதிகம் பாதிக்கப்பட்டவை புதிய வகை உலைகள். பழைய 900 மெகாவாட் உலைகள் ஏறக்குறைய தப்பின. குழாயின் வளைவும் வெல்டு முறையும் அங்கே வயதைவிட முக்கியமாகிவிட்டன. இங்கே உங்கள் கருவிதான் காப்பாற்றியது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அது வேறொன்றைத் தேடப் போனபோது கிடைத்தது.

வெல்டுமுருகன்: கருவி காப்பாற்றியது என்று எழுதியதே போதும் அண்ணா.

ரோஜாப்பூ: கதிர்வீச்சால் புற்றுநோய் வருமா?

பதில்: மருத்துவ இயற்பியல் தெரிந்தவரிடம் கேளுங்கள் அம்மா.

ஆய்வு மாணவி: கேபிள்கள் பற்றி யாருமே பேசுவதில்லை. காப்புறைக்கு வயதானால்?

பதில்: வெப்பமும் கதிர்வீச்சும் பட்டுப்பட்டு இறுகிப்போகும். இழுத்தால் அறுவதற்கு முன் எவ்வளவு நீள்கிறது என்று அளப்பார்கள். 50 சதவீதத்துக்குக் கீழே போனால் கவலை என்பது பரவலான அளவுகோல். இதில் சிக்கல் என்னவென்றால், இறுகிப்போன கேபிளும் தினசரி வேலையை ஒழுங்காகச் செய்யும். விபத்து நாளில், சூடான நீராவிக்குள் கிடந்து வேலை செய்ய வேண்டியபோதுதான் கைவிடும். மண்ணுக்கடியில் தண்ணீரில் ஊறும் கேபிள்களையும் உங்கள் ஆய்வில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பொதுஜனம்2: 40 வருடம் ஆனால் ஆபத்துதானே? நேரடியாகச் சொல்லுங்கள்.

பதில்: மேலே.

சந்தேகப்பேர்வழி: எல்லாப் பாகத்தையும் மாற்றிவிட்டால் உலை புதிதாகிவிடாதா?

பதில்: கலிஃபோர்னியாவின் சான் ஓனோஃப்ரேயில் புது நீராவிக் கலன்கள் வைத்தார்கள். 2012 ஜனவரியில் ஒன்றில் கசிவு. உள்ளே குழாய்கள் அதிர்ந்து ஒன்றோடொன்று உரசித் தேய்ந்திருந்தன. 2013இல் நிலையத்தையே மூடினார்கள். புளோரிடாவின் கிரிஸ்டல் ரிவரில் 2009இல் நீராவிக் கலனை மாற்ற வழி வேண்டிக் கான்கிரீட்டை வெட்டினார்கள், சுவர் உள்ளுக்குள் பாளம் பிரிந்துவிட்டது. அதுவும் திரும்ப ஓடவில்லை. புதுப் பாகம் வந்தால் அதற்கும் பட்டியலில் இடம் போட வேண்டும்.

கல்நெஞ்சன்: அப்படியானால் முதுமையால் மூடிய உலை என்று ஒன்றாவது உண்டா?

பதில்: உண்டு. ஸ்காட்லாந்தின் ஹன்டர்ஸ்டன் பி. அங்கே உலையின் உள்ளகமே கிராஃபைட் செங்கல். கதிர்வீச்சில் அது எடை குறைந்து, ஓரங்களில் விரிசல் விடும். உள்ளகத்தை மாற்ற வழியில்லை. கவலை விரிசலைப் பற்றியது மட்டும் இல்லை. பலமான நிலநடுக்கம் வந்தால் செங்கல்கள் நகர்ந்து, உலையை அணைக்கும் கட்டுப்பாட்டுக் கம்பி இறங்கும் துளை கோணிவிடுமா என்பதுதான் கேள்வி. 2018இல் எதிர்பார்த்ததைவிட அதிக விரிசல் தெரிந்து ஒரு உலையை நிறுத்தினார்கள். கம்பி இறங்கும் என்று காட்டிய பிறகு 2020இல் குறுகிய காலத்துக்கு அனுமதி கிடைத்தது. 2022 ஜனவரியோடு நிலையத்தை நிரந்தரமாக நிறுத்திவிட்டார்கள்.

பொதுஜனம்3: 40 வருடம்...

பதில்: வேறு கேள்வி இருந்தால் போடுங்கள். கனநீர் உலைக் குழாய்கள் பற்றி யாராவது கேட்டால் நிறையச் சொல்வேன்.