கரான்ஸ் என்ற பிரெஞ்சுப் பெண் பெயருக்கு என்ன பொருள்? எங்கிருந்து வந்தது?

என் பேத்தியின் பெயர் கரான்ஸ். அதனால் இந்தக் கேள்வியைப் பார்த்துவிட்டுச் சும்மா போக முடியவில்லை.

கேட்டவர் ஒரே வரியில்தான் கேட்டிருக்கிறார். ஆனாலும் வீட்டு நிலவரம் எனக்குப் புரிகிற மாதிரி இருக்கிறது. உங்கள் மகனோ தம்பியோ இங்கே பிரான்ஸில் ஒரு பிரெஞ்சுப் பெண்ணைக் கட்டியிருப்பார். குழந்தை பிறந்திருக்கும். பெயரைக் கேட்ட பெரியவர்கள் "அப்படின்னா என்ன அர்த்தம்?" என்று துளைத்துக்கொண்டிருப்பார்கள். இல்லாவிட்டால் இந்தப் பெயரைத் தமிழில் யார் தேடப் போகிறார்கள்?

முதலில் பதில். கரான்ஸ் ஒரு செடி. அதன் வேரிலிருந்து சிவப்புச் சாயம் எடுப்பார்கள். செடிக்கும் சாயத்துக்கும் அந்தச் சிவப்பு நிறத்துக்கும் பிரெஞ்சில் அதே சொல்தான். தாவரவியலில் ரூபியா டிங்க்டோரம் என்பார்கள். நம் நாட்டு மருந்துக் கடையில் மஞ்சிட்டி என்று ஒரு வேர் விற்கிறார்களே, முகத்துக்குப் பூசுவார்கள், அது இதற்கு உடன்பிறப்பு. சொல்லும் பழையதுதான். பிராங்குகள் என்ற ஜெர்மானிய இனத்தார் பேசிய மொழியிலிருந்து, இடைக்கால லத்தீன் வழியாகப் பிரெஞ்சுக்கு வந்தது.

சிலர் இதற்கு 'உறுதி', 'உத்தரவாதம்' என்று பொருள் சொல்வார்கள். பிரெஞ்சில் உத்தரவாதத்துக்கு 'கராந்தி' என்று ஒரு சொல் இருக்கிறது. ஒலி ஒட்டுகிறது, அவ்வளவுதான். 'சிவப்புப் பூ' என்பதும் தவறு. இந்தச் செடியின் பூ மிளகு அளவுதான் இருக்கும், வெளிர் மஞ்சள். காய் பழுத்தால் கறுப்பு. தண்டும் இலையும் சொரசொரவென்று துணியைப் பிடித்து இழுக்கும். சாயம் தரும் சிவப்பு மண்ணுக்கு மேலே கிடையாது. தோண்டினால்தான் தெரியும்.

பூ என்ற எண்ணம் ஒரு சினிமாவால் வந்தது. 1945இல் மார்செல் கார்னே இயக்கி, ழாக் ப்ரெவேர் எழுதிய 'லே ஸான்ஃபான் து பராதி' என்ற படத்தில் ஆர்லெத்தி நடித்த நாயகிக்குக் கரான்ஸ் என்று பெயர். அது ஒரு பூவின் பெயர் என்று அவளே அதில் சொல்வாள். கதைப்படி அது அவளுக்குப் பெற்றவர்கள் வைத்த பெயரும் இல்லை. எல்லோரும் அவளை அப்படிக் கூப்பிடுகிறார்கள். இந்தப் பெயர் பிரெஞ்சுக்காரர்கள் மனதில் பதிந்தது பெரும்பாலும் அந்தப் படத்தால்தான். ஆனாலும் பெண் குழந்தைகளுக்கு வைப்பது வெகு காலம் அபூர்வமாகவே இருந்தது. இப்போது கொஞ்சம் பரவியிருக்கிறது. கரான்ஸ் மரிலியே என்று ஒரு இளம் நடிகைகூட இருக்கிறார்.

கேள்விக்கு இவ்வளவு போதும். இனி எழுதுவது என் மனதில் இருப்பது. நேரம் இருந்தால் படியுங்கள்.

2017இல் பேத்தி பிறந்தாள். பாண்டிச்சேரிக்குப் போன் போட்டுச் சொன்னேன். என் நாத்தனார் கேட்ட முதல் வார்த்தை, "என்னண்ணி பேரு இது, கரண்டி மாதிரி?" பின்னால் இரண்டு மூன்று பேர் சிரிக்கும் சத்தம் கேட்டது. நான் போனை வைத்துவிட்டேன். எட்டு வருஷம் ஆகிறது, அந்தச் சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. பிறந்து நான்கு நாள் ஆன குழந்தை அது.

எனக்கு ஏன் அவ்வளவு வலித்தது என்பதற்கு ஒரு பழைய கதை இருக்கிறது. என் கணவர் குடும்பம், 1962இல் பாண்டிச்சேரி சட்டப்படி இந்தியாவோடு இணைந்த பிறகும் பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொண்ட பாண்டிச்சேரிக் குடும்பம். கல்யாணமாகி நான் இங்கே வந்தேன். 1988இல் மகன் பிறந்தான். அவனுக்கு மாமனார் பெயரை வைக்க வேண்டும் என்று இருவரும் ஆசைப்பட்டோம். நல்ல தமிழ்ப் பெயர். பாரீஸுக்கு வெளியே ஒரு நகராட்சி அலுவலகம். அங்கே பிறப்பைப் பதியும் அம்மா ஒரு முறை படித்தார், இன்னொரு முறை படித்தார், "இது நாட்காட்டியில் இருக்கிறதா?" என்று கேட்டார். ஒவ்வொரு நாளுக்கும் ஒரு புனிதர் பெயர் போட்டிருக்கும் நாட்காட்டியைச் சொன்னார். பள்ளிக்கூடத்தில் பிள்ளை கஷ்டப்படும் என்றார். என் கணவருக்கு அன்று வேலைக்குத் திரும்ப வேண்டிய அவசரம். கடைசியில் ஒரு புனிதர் பெயர் முதலிலும், மாமனார் பெயர் இரண்டாவதாகவும் பதிவாயிற்று. இன்று வரை என் மகனை உலகம் கூப்பிடுவது அந்த முதல் பெயரால். வீட்டில் நாங்கள் நான்கு பேர்தான் அவன் உண்மைப் பெயரைச் சொல்கிறோம்.

அந்த அம்மா சொந்தமாக ஒன்றும் இட்டுக்கட்டவில்லை. நெப்போலியன் காலத்தில், 1803 ஏப்ரல் 1 தேதியிட்ட ஒரு சட்டம் இருந்தது. நாட்காட்டிகளில் உள்ள பெயர்களையும் பண்டைய வரலாற்றில் வரும் பெயர்களையும் மட்டுமே வைக்கலாம் என்றது. ஆனால் 1966இலேயே அதைத் தளர்த்திப் பார்க்கச் சொல்லி அரசு அறிவுறுத்தியிருந்தது. வெளிநாட்டு மரபுப் பெயர்களுக்கும் இடம் கொடுக்கலாம் என்றது. இது எனக்கு அன்று தெரியாது. தெரிந்திருந்தால் அந்த நாற்காலியை விட்டு எழுந்திருக்க மாட்டேன். 1993 ஜனவரி 8 சட்டம் வந்த பிறகுதான் தேர்வு பெற்றோர் கைக்கு வந்தது. பெயர் குழந்தையின் நலனுக்கு எதிரானது என்று தோன்றினால் மட்டும் பதிவாளர் அரசு வழக்கறிஞருக்குத் தெரிவிக்கலாம். ஐந்து வருஷம் பிந்தி வந்த சட்டம்.

2017இல் மகனோடு நானும் போனேன். வேறு ஊர், வேறு அலுவலகம். பிறந்த ஐந்து நாளுக்குள் பதிய வேண்டும். முதல் பெயர் கரான்ஸ், இரண்டாம் பெயர் தமிழ்ப் பெயர். அங்கிருந்த பையன் இரண்டையும் தட்டச்சு செய்தான், எழுத்து சரியா என்று காட்டினான், கையெழுத்து வாங்கினான். பத்து நிமிஷம். வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்து அழுதேன். மகனுக்குக் காரணம் புரிந்தது. பக்கத்தில் உட்கார்ந்துகொண்டான், ஒன்றும் கேட்கவில்லை.

தமிழ்ப் பெயரை முதலில் வைத்திருக்கலாமே என்று கேட்க வருவீர்கள், தெரியும். குழந்தை என் மருமகளுக்கும் பிறந்ததுதான். அவள் ஊர் அவிஞ்ஞோன் பக்கம், வோக்லூஸ் மாவட்டம். இந்தப் பெயருக்கு அங்கே ஒரு வரலாறு இருக்கிறது. பாரசீகத்தில் பிறந்த ழான் அல்தேன் என்ற ஆர்மீனியர், 18ஆம் நூற்றாண்டின் நடுவில் அந்தப் பக்கம் வந்து, கரான்ஸ் பயிரிடச் சொல்லிக்கொடுத்தார். சதுப்பாகக் கிடந்த நிலம் அதற்கு வாகாக அமைந்தது. விதைத்து மூன்று வருஷம் பொறுத்து வேரைத் தோண்டி, காயவைத்து, ஆலையில் அரைத்து விற்றார்கள். அடுத்த நூற்றாண்டில் அந்த வட்டாரமே இந்த வேரால் பிழைத்தது. அல்தேன் 1774இல் வறுமையில் செத்தார். பிறகு ஒரு ஊருக்கே அவர் பெயரை வைத்தார்கள், அல்தேன்-தே-பாலூத். மருமகளின் கொள்ளுத் தாத்தாவுக்கு அங்கே நிலம் இருந்ததாம். வெளிநாட்டிலிருந்து வந்த ஒருவர் கொண்டுவந்து தந்த செடி என்பதால்தான் இந்தப் பெயரைத் தேர்ந்தேன் என்று அவள் என்னிடம் சொன்னாள். அதற்குப் பிறகு நான் என்ன சொல்ல?

பிரெஞ்சுக்காரர்களிடம் கரான்ஸ் என்றால் படிப்பாளிகளுக்குச் சினிமா நினைவு வரும். வயதானவர்களுக்குப் பட்டாளம் நினைவு வரும். 1829இலிருந்து காலாட்படைக்குக் கரான்ஸ் சிவப்பில் கால்சட்டை. மற்ற பெரிய நாட்டுப் படைகள் பலவும் மங்கிய நிறத்துக்கு மாறிய பிறகும் இவர்கள் விடவில்லை. 1914 ஆகஸ்டில் அந்தச் சிவப்புக் கால்சட்டையோடுதான் முதல் உலகப் போருக்குப் போனார்கள். தூரத்திலிருந்தே எதிரி கண்ணுக்குத் தெரியும் நிறம். போர் தொடங்கிய பிறகுதான் வெளிர் நீல உடுப்பு வந்தது. இதில் மனதைப் பிசைகிற விஷயம் என்னவென்றால், அந்தச் சிவப்பு அப்போது வோக்லூஸ் வேரிலிருந்து வந்ததே இல்லை. 1868இல் கிரேபெ, லீபர்மான் என்ற இரண்டு ஜெர்மன் வேதியியலாளர்கள் இந்த வேரில் இருக்கும் அலிசரின் என்ற பொருளை ஆய்வுக்கூடத்தில் செய்துவிட்டார்கள். விலை மலிவு. சில வருஷங்களில் வோக்லூஸ் வயல்கள் படுத்துவிட்டன. ஜெர்மானியர் சாயம் பூசிய துணியை உடுத்திக்கொண்டு ஜெர்மானியர் குண்டுக்கு எதிரே போனார்கள் அந்தப் பிள்ளைகள்.

அப்புறம், நமக்கும் இந்தப் பெயருக்கும் ஒட்டும் உறவும் கிடையாது என்று நாத்தனார் நினைத்தாரே, அதற்கும் பதில் இருக்கிறது. நம் கடற்கரை மணலில் இம்பூறல் என்று ஒரு பூண்டு முளைக்கும். சித்த வைத்தியத்தில் ரத்தம் கக்குவதற்குக் கொடுப்பார்கள். சாயக்காரர்கள் அதையே சாயவேர் என்பார்கள். அதுவும் கரான்ஸ் குடும்பத்துச் செடிதான். அதன் வேரிலும் அதே அலிசரின். ஐரோப்பாவை மயக்கிய சோழமண்டலத் துணிகளின் சிவப்பு அந்த வேரிலிருந்து வந்தது. பாண்டிச்சேரிப் பக்கம் இருந்த கேர்தூ என்ற ஏசு சபைப் பாதிரியார், நம் சாயக்காரர்களிடம் ஒவ்வொன்றாகக் கேட்டு, கடுக்காய், எருமைப் பால், படிகாரம், சாயவேர் என்று முழுச் செய்முறையையும் 1742இல் கடிதமாக எழுதிப் பிரான்ஸுக்கு அனுப்பினார். அப்போது பிரான்ஸில் அச்சடித்த பருத்தித் துணிக்கே தடை. 1686இல் போட்ட தடை 1759இல்தான் நீங்கியது. மறுவருஷமே பாரீஸுக்குப் பக்கத்தில் ழூயி என்ற ஊரில் ஓபர்காம்ஃப் என்பவர் ஆலை தொடங்கினார். சாயவேர் இல்லாத அந்த நாட்டில் சிவப்புக்குக் கரான்ஸ் கைகொடுத்தது. அங்கே இருக்கும் அருங்காட்சியகத்துக்குப் பேத்தியை அழைத்துப் போனேன். அந்தத் துணிகளை 'இந்தியேன்' என்றே அழைத்திருக்கிறார்கள் என்று படித்தபோது என் கையைப் பிடித்து இழுத்தாள். "ஆயா, உங்க ஊரு!"

போன வருஷம் விடுமுறையில் நாங்கள் இருவரும் சமையலறையில் சாயம் போட்டோம். பாரீஸில் லா ஷப்பேல் பக்கம் தமிழ்க் கடையில் கடுக்காய்ப் பொடியும் படிகாரமும் வாங்கினேன். கரான்ஸ் வேர்ப் பொடியை மருமகளின் அம்மா அனுப்பினார். துணிக்குப் பேத்தியின் தாத்தாவுடைய வெள்ளைக் கைக்குட்டைகள் இரண்டு. கடுக்காய்த் தண்ணீரில் ஊறப்போட்டு, பிழிந்து, படிகாரத் தண்ணீரில் ஒரு ராத்திரி வைத்தோம். முதல் கைக்குட்டையைப் போட்டபோது நான் அடுப்பைக் கவனிக்கவில்லை, தண்ணீர் கொதித்துவிட்டது. பழைய ஓடு மாதிரி பழுப்பாக வந்தது. இந்த வேர் கொதிக்கக் கூடாது, கை பொறுக்காத சூடு போதும். இரண்டாவதை அவள் பார்த்துக்கொண்டாள். முக்காலியில் ஏறி நின்று, மரக்கரண்டியால் புரட்டிக்கொண்டே ஒரு மணி நேரம் நகரவில்லை. பாரீஸ் தண்ணீரில் சுண்ணாம்புச் சத்து அதிகம், அது இந்தச் சாயத்துக்கு நல்லது. எடுத்து அலசியபோது ஆரத்தித் தண்ணீர் மாதிரி ஒரு சிவப்பு. அவள் அதைக் கன்னத்தோடு வைத்துப் பார்த்தாள். "இது நான்" என்றாள் பிரெஞ்சில்.

நான் தாவரவியலோ மொழியியலோ படித்தவள் இல்லை, இதைச் சொல்லிவிடுகிறேன். சொல்லின் வேரில் யாராவது படித்தவர்கள் திருத்தம் சொன்னால் ஏற்றுக்கொள்வேன். ஆனால் "தமிழச்சியாகப் பிறந்து இப்படிப் பெயரா" என்று மட்டும் வராதீர்கள். இதைக் கேட்கும் நம் சொந்தக்காரர்கள் வீட்டில் குழந்தைகளுக்கு என்ன பெயர் வைக்கிறார்கள்? எண்கணிதக்காரர் கூட்டிக்கழித்துக் கொடுத்த எழுத்தில் ஆரம்பித்து, நடுவில் ஒரு 'க்ஷ்', கடைசியில் ஒரு 'த்' போட்டு, எந்த மொழியிலும் பொருள் இல்லாத பெயர். பாட்டியின் வாயில் நுழையாது. கேட்டால் "ராசிக்கு நல்லது" என்பார்கள். என் சொந்தத்திலேயே அப்படி ஏழெட்டுப் பிள்ளைகள். முருகன் பெயர், வள்ளி பெயர், தாத்தா பெயர் எல்லாம் எங்கே போயின? அதைக் கேட்க யாருக்கும் வாய் வரவில்லை. என் பேத்தியின் பெயரில் ஒரு செடியும் ஒரு நிறமும் பல தலைமுறை உழைப்பும் இருக்கின்றன.

உச்சரிப்பைச் சொல்ல மறந்துவிட்டேன். முதல் எழுத்து 'கங்கை'யில் இரண்டாவதாக வரும் 'க' மாதிரி. 'ர' தொண்டையிலிருந்து வர வேண்டும். 'ரான்' என்னும்போது நாக்கு மேலே தொடாமல் மூக்கில் ஒலித்து 'ஸ்' என்று முடியும். ஊரில் பெரியவர்களுக்கு 'கரான்சு' என்று வந்தாலும் பரவாயில்லை. என் அக்கா அப்படித்தான் கூப்பிடுகிறாள், பேத்தி ஓடிப்போய்ப் போனை வாங்கிக்கொள்கிறாள்.

பெயர் நாள், அதாவது அந்தப் பெயருள்ள புனிதரின் நாள், கொண்டாட நினைத்தால், இது புனிதர் பெயர் அல்ல என்பதால் சர்ச் நாட்காட்டியில் கிடைக்காது. பிரெஞ்சுப் புரட்சிக் காலத்தில் ஒவ்வொரு நாளுக்கும் ஒரு செடி, பிராணி, கருவி என்று பெயர் வைத்த ஒரு நாட்காட்டி இருந்தது. அதில் புருமேர் மாதம் 23 கரான்ஸ் நாள். இன்றைய கணக்கில் நவம்பர் 13. நாங்கள் அன்று பாயசம் வைக்கிறோம்.