இரும்பு பீரோவை ஏன் பெரும்பாலும் விற்கும் இடத்துக்குப் பக்கத்திலேயே செய்கிறார்கள்?

தகடு எவ்வளவோ தூரத்திலிருந்து வரும்போது பீரோ மட்டும் ஏன் வராது என்று கேட்டிருக்கிறீர்கள். சுருளாக வரும் தகட்டில் லாரி தாங்கும் எடை முழுவதையும் ஏற்றலாம். அதையே பீரோவாக வளைத்துவிட்டால் உள்ளே வெறும் காற்று. எடை ஏறுவதற்குள் இடம் தீர்ந்துவிடும், வாடகையோ முழு வண்டிக்கு. வழியில் ஒரு மூலை நசுங்கினாலும் விலை போச்சு. கழற்றி மாட்டும் கட்டில், அலமாரிகள் தட்டையாக அட்டைப்பெட்டியில் அடங்குவதால் அவை மட்டும் வெகுதூரம் பயணிக்கின்றன.

பக்கத்துப் பக்கத்துப் பட்டறைகள் விலையில் மோதும்போது முதலில் மெலிவது தகடுதான். வாங்குபவர் ஏமாறுவது இங்கேதான் என்பதால் அழுத்திச் சொல்கிறேன். 1 மி.மீ. தகடு சதுர மீட்டருக்குச் சுமார் 7.85 கிலோ; 0.6 மி.மீ. என்றால் 4.7 கிலோதான். பெயின்ட் அடித்தபின் கண்ணுக்கு இரண்டும் ஒன்றே. கேஜ், அதாவது தகட்டின் தடிமனைக் குறிக்கும் எண், என்னவென்று கேளுங்கள்; எண் கூடினால் தகடு மெலிசு. கதவின் நடுவே உள்ளங்கையால் அழுத்துங்கள், ‘டப்’பென்று உள்வாங்கினால் யோசியுங்கள். அடிப்பக்க மடிப்பையும் விரலால் தடவிப் பாருங்கள். பவுடர் கோட்டிங் (தூளாகத் தெளிக்கும் பெயின்ட்) சரியாகப் படியாத அந்த இடுக்கில்தான் துரு பிடிக்கத் தொடங்கும்.