மழையில் கழிப்பறைக் குழி நிரம்புகிறதா?

நீலகிரியின் பந்தலூரில் உங்கள் இரட்டைக் குழிக் கழிப்பறையில் மழைக்குத் தண்ணீர் ஏறுகிறது, கழிவு உறிஞ்சும் லாரியைக் கூப்பிடலாமா என்று கேட்டீர்கள். லாரி கூப்பிட வேண்டாம். இன்று உறிஞ்சினால் அடுத்த மழைக்கு மறுபடி நிரம்பும். ஐந்து பேர் வீட்டில் குழி மலத்தால் நிரம்பவே 2, 3 வருடம் ஆகும். உங்களுடையது கட்டி ஒரு வருடம், அதுவும் ஆடி மழைக்கு மட்டும் கோப்பையில் தண்ணீர் ஏறுகிறது என்கிறீர்கள். மேட்டிலிருந்து வழியும் தண்ணீரோ கூரைத் தண்ணீரோ குழி மூடியின் விளிம்பில் இறங்குகிறது, பெரும்பாலும் அவ்வளவுதான்.

முதலில் கழிவு இரண்டு குழிக்கும் பிரியும் சேம்பரை (சிறு தொட்டியை) திறந்து பாருங்கள். ஒரு வழி அடைத்திருக்க வேண்டும். பல கொத்தனார்கள் இரண்டையும் திறந்தே விட்டுவிடுகிறார்கள். ஒன்று நிரம்பினால் மற்றதுக்கு மாற்றத்தானே இரட்டைக் குழி? ஒரு வழியை அடைத்துவிடுங்கள். மேட்டுப் பக்கம் பிறை மாதிரி வாய்க்கால் வெட்டித் தண்ணீரை ஒதுக்குங்கள். மூடியைச் சுற்றிக் களிமண்ணை மேடாகக் குவித்துக் கெட்டிப்படுத்துங்கள்.

மழை விட்டு நாலைந்து நாளாகியும் மட்டம் இறங்கவில்லையா? அப்போது அது பெரும்பாலும் நிலத்தடி நீர் ஊறுவது, வாய்க்கால் உதவாது. குழியின் அடி மழைக்கால நீர் மட்டத்துக்கு 2 மீட்டர் மேலே வருமாறு குழியை உயர்த்த வேண்டியிருக்கும். குழிக்குக் கீழ்ச்சரிவில் 10 மீட்டருக்குள் கிணறோ குடிநீர் ஊற்றோ இருந்தால் குழியை இடம் மாற்றத்தான் வேண்டும். அதுவரை அந்தத் தண்ணீரைக் கொதிக்க வைத்தே குடியுங்கள்.

யாரையும் குழிக்குள் இறக்கிவிடாதீர்கள், விஷவாயு இருக்கும்.